போர் கண்டவர்களின் நினைவைப் போற்றுவோம்
பத்தாம் வகுப்பு மாணவி, திருப்பனந்தாள்

முன்னுரை

இரண்டாம் உலகப் போர் 1939-ஆம் ஆண்டு தொடங்கி 1945-ஆம் ஆண்டு முடிவுற்றது என்று வரலாற்றுப் பாடத்தில் படிக்கிறோம். தேர்வில் எழுதி மதிப்பெண்ணும் பெறுகிறோம். அப்போரில் இந்தியப் படையில் சேர்ந்து பணியாற்றியவர்கள் ஏறத்தாழ 25 இலட்சம் பேர். அவர்களுள் தமிழர் பல்லாயிரவர். போர் முடிந்த ஆண்டில் பதினெட்டு வயது வாலிபராக இருந்த ஒருவருக்கு இன்று வயது நூறை எட்டிக்கொண்டிருக்கும். அப்படிப்பட்டவர்கள் இன்னும் எத்தனை பேர் நம்மிடையே இருப்பார்கள்? விரல்விட்டு எண்ணிவிடலாம். ஆண்டுகளையும் ஒப்பந்தங்களையும் புத்தகம் காக்கும். அந்த மனிதர்கள் கண்டதையும் கேட்டதையும் அஞ்சியதையும் யார் காப்பது? இதைப் பற்றி இவ்வாண்டு எங்கள் வகுப்பில் படித்தவற்றையும், எங்கள் ஊரில் கேட்டவற்றையும் தோழியரோடும் பெற்றோரோடும் பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

கல்லில் நின்ற நினைவு

போரில் வீழ்ந்தவரை நினைவில் நிறுத்துவது தமிழருக்குப் புதிய வழக்கமன்று. நடுகல் நடுவதன் ஆறு நிலைகளைத் தொல்காப்பியம் கூறுகிறது. தேனி மாவட்டத்துப் புலிமான்கோம்பையில் 2006-ஆம் ஆண்டு தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ்ப் பிராமி எழுத்துடைய நடுகற்களைக் கண்டறிந்தனர். அவை இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட பழமையுடையவை. ஆநிரைப் பூசலில் இறந்த ஒருவனுக்கு ஊரார் எடுத்த கல்லும் அவற்றுள் உண்டு.

முதல் உலகப் போருக்குப் பின்னர் ஆங்கில அரசும் இந்திய ஊர்கள் பலவற்றில் கற்பலகைகளைப் பதித்தது. ‘இந்த ஊரிலிருந்து இத்தனை பேர் பெரும் போருக்குச் சென்றனர், அவர்களுள் இத்தனை பேர் உயிர் நீத்தனர்’ என்னும் கருத்துடைய பலகைகள் அவை. அவற்றில் எண்ணிக்கை உண்டு, பெயர் இல்லை. சென்றவர் யார், யாருடைய மகன், எந்தக் கடலைக் கடந்தார், திரும்பி வந்தபின் எப்படி வாழ்ந்தார் என்பதைக் கல் சொல்லாது. அதை மனிதர்தாம் சொல்ல வேண்டும்.

வாய்மொழி வரலாறு

ஒரு நிகழ்ச்சியில் பங்கு கொண்டவரையோ அதை நேரில் கண்டவரையோ அணுகி, முறையாகக் கேள்வி கேட்டு, அவர் சொல்வதை அவர் குரலிலேயே பதிவு செய்து, எழுத்தாக்கிக் காப்பதற்கு வாய்மொழி வரலாறு என்று பெயர். அமெரிக்காவின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ஆலன் நெவின்ஸ் என்னும் வரலாற்றுப் பேராசிரியர் 1948-இல் இதற்கெனத் தனி அலுவலகம் தொடங்கினார். இலண்டனிலுள்ள போர் அருங்காட்சியகம் 1972 முதல் போர் வீரர்களின் குரல்களைத் தொகுக்கத் தொடங்கியது. அமெரிக்க நாடாளுமன்றம் 2000-ஆம் ஆண்டு ஒரு சட்டமே இயற்றி, படைவீரர் நினைவுகளைத் தன் நூலகத்தில் சேர்க்க ஏற்பாடு செய்தது. நம் நாட்டில் புதுதில்லி நேரு நினைவு நூலகம் 1966 முதல் விடுதலைப் போராட்ட வீரர்களின் நினைவுகளைப் பதிவு செய்தது.

இவை எல்லாவற்றுக்கும் முன்பே, சற்றும் எதிர்பாராத ஓர் இடத்தில் இந்தியச் சிப்பாய்களின் குரல் பதிவாகியிருக்கிறது. முதல் உலகப் போரில் ஜெர்மானியரிடம் பிடிபட்ட இந்தியர் பலர் பெர்லினுக்கு அருகிலுள்ள வுன்ஸ்டார்ஃப் முகாமில் சிறை வைக்கப்பட்டிருந்தனர். 1915 முதல் 1918 வரை ஜெர்மன் மொழி அறிஞர்கள் அக்கைதிகளைக் குழாய் போன்ற கருவியின் முன் நிறுத்திப் பேசச் செய்து இசைத்தட்டுகளில் பதிந்தனர். அவர்கள் வேண்டியது மொழியின் ஒலிகள் மட்டுமே. ஆயினும் மால் சிங் என்னும் பஞ்சாபிச் சிப்பாய் 1916-ஆம் ஆண்டு டிசம்பர் 11-ஆம் நாள், ‘ஒரு மனிதன் இருந்தான்’ என்று கதை சொல்வதுபோல் தன் துயரத்தையே சொல்லிவிட்டார். ஊரில் வெண்ணெய் உண்டு வாழ்ந்தவன் ஐரோப்பியப் போருக்கு வந்து சிக்கிக்கொண்டதையும், ஊருக்குத் திரும்ப ஏங்குவதையும் சொல்லும் அப்பேச்சு ஒன்றரை நிமிடங்கூட இல்லை. தொண்ணூறு ஆண்டுகள் கழித்து, 2007-இல், பிலிப் ஷெஃப்னர் என்னும் ஜெர்மன் இயக்குநர் அத்தட்டுகளைக் கொண்டு ஓர் ஆவணப் படம் எடுத்தார். கேட்பார் யாருமில்லை என்று எண்ணிப் பேசிய குரல் உலகமெங்கும் ஒலித்தது!

நாகப்பட்டினத்துக் கப்பல்

நம் காவிரிக் கரைக்கும் இதற்கும் என்ன தொடர்பு என்று தோழியர் கேட்கலாம். நெருங்கிய தொடர்பு உண்டு.

சென்ற நூற்றாண்டின் முற்பகுதியில் தஞ்சை, திருச்சி மாவட்டங்களிலிருந்து ஆயிரமாயிரம் குடும்பங்கள் கங்காணிகளின் வழியாக மலாயா நாட்டு ரப்பர்த் தோட்டங்களுக்குச் சென்றன. நாகப்பட்டினத்தில் கப்பலேறினால் பினாங்கில் இறங்கலாம். 1926-இல் கட்டப்பட்ட ‘ரஜூலா’ என்னும் கப்பலின் பெயர் இந்தப் பக்கத்து முதியோர் பலருக்கு இன்றும் நினைவிருக்கும். சொந்த நிலமில்லாதவர்களும், கடனில் மூழ்கியவர்களும், பஞ்சம் பிழைக்கப் போனவர்களுமே அவர்களுள் மிகுதி.

1941 டிசம்பரில் ஜப்பானியப் படை மலாயாவுக்குள் புகுந்தது. 1942 பிப்ரவரி 15-ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. அதன்பின் மலாயாத் தமிழர் இரண்டு பெரும் நிகழ்ச்சிகளுக்கு உட்பட்டனர். ஒன்று நேதாஜியின் இந்திய தேசிய இராணுவம். மற்றொன்று சயாம்–பர்மா ரயில் பாதை. முதலாவதைப் பற்றி நாம் சிறிதளவு படித்திருக்கிறோம். இரண்டாவதைப் பற்றி அறிந்தவர் மிகச் சிலரே.

ஜான்சி ராணிப் படை

நேதாஜி சுபாஷ் சந்திர போஸ் 1943 ஜூலையில் சிங்கப்பூர் வந்தார். பெண்களுக்கெனத் தனிப் படை வேண்டும் என்று அறிவித்தார். அவ்வாண்டு அக்டோபரில் ஜான்சி ராணிப் படையின் பயிற்சி முகாம் சிங்கப்பூரில் தொடங்கியது. அதன் தலைவி கேப்டன் லட்சுமி. 1914-இல் சென்னையில் பிறந்து, சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்து, 1940-இல் சிங்கப்பூர் சென்று மருத்துவம் பார்த்தவர் அவர். படையில் சேர்ந்த பெண்களுள் பெரும்பாலோர் ரப்பர்த் தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். பால் வெட்டிய கையில் அவர்கள் துப்பாக்கி ஏந்தினர்.

அவர்களுள் ஈப்போ நகரைச் சேர்ந்த இராசம்மா என்பவருக்குப் படையில் சேர்ந்தபோது வயது பதினாறு! தமக்கை பொன்னம்மாவோடு சேர்ந்தார். இராசம்மா பூபாலன் என்னும் பெயரில் அவர் பிற்காலத்தில் கோலாலம்பூரில் பெண்கள் பள்ளியொன்றின் தலைமையாசிரியராக விளங்கினார். கூட்டத்தில் தம் நகைகளைக் கழற்றிக் கொடுத்துவிட்டுப் படையில் சேர்ந்த ஜானகி தேவருக்கு இந்திய அரசு 2000-ஆம் ஆண்டு பத்மஸ்ரீ விருது அளித்தது. அவர் 2014-இல் காலமானார்.

1945-இல் பர்மாவிலிருந்து பின்வாங்கும்போது, ராணிப் படையினர் சென்ற ரயிலின் மீது கொரில்லாக்கள் சுட்டனர். ஸ்டெல்லா, ஜோசஃபின் என்னும் இரு பெண்கள் உயிரிழந்தனர். பெரிய போர் நூல்கள் பலவற்றில் இப்பெயர்களைக் காண முடியாது. உடன் சென்ற தோழியரின் நினைவில் அவை தங்கியிருந்தன. கேட்டவர்களிடம் அவர்கள் சொன்னார்கள். நம் வகுப்பு வருகைப் பதிவேட்டில் உள்ள பெயர்களைப் போன்ற இரு பெயர்கள்!

கேப்டன் லட்சுமி நல்வினையாக நெடுங்காலம் வாழ்ந்தார். ஆய்வாளர்களிடம் பலமுறை பேசினார். அவரிடமும் அவர் கணவர் பிரேம் சேகலிடமும் கேட்டறிந்தவற்றைக் கொண்டே பீட்டர் வார்டு ஃபே என்னும் அமெரிக்க வரலாற்றாசிரியர் 1993-இல் இந்திய தேசிய இராணுவ வரலாற்றை எழுதினார். 1999-இல் கபீர் கான் எடுத்த ஆவணப் படத்தில் கேப்டன் லட்சுமியும், செங்கோட்டை வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்ட மூவருள் ஒருவரான கர்னல் தில்லானும், முதிய வயதில், தாங்கள் அன்று சென்ற பாதையிலேயே மீண்டும் சென்றார்கள். தில்லான் 2006-இலும், லட்சுமி 2012 ஜூலை 23-ஆம் நாளும் மறைந்தனர். அன்று அந்தப் படம் எடுக்கப்படாமல் போயிருந்தால், அப்பயணத்தை எவ்வளவு பணம் செலவிட்டாலும் இன்று எடுக்க முடியாது.

மரண ரயில் பாதை

சயாம் என்பது இன்றைய தாய்லாந்து. அந்நாட்டிலிருந்து பர்மாவுக்கு 415 கிலோ மீட்டர் நீளமுள்ள ரயில் பாதையை ஜப்பானியர் 1942-இல் தொடங்கி 1943 அக்டோபரில் முடித்தனர். காட்டையும் மலையையும் கைக் கருவிகளாலேயே வெட்டினர். அறுபதாயிரத்துக்கு மேற்பட்ட வெள்ளையர் போர்க் கைதிகள் அங்கு வேலை செய்தனர். பன்னிரண்டாயிரத்துக்கு மேற்பட்டோர் இறந்தனர். அவர்களோடு ஆசியத் தொழிலாளரும் ஏறத்தாழ இரண்டு இலட்சம் பேர் இருந்தனர். அவர்களுள் தொண்ணூறாயிரம் பேர் அளவில் இறந்திருக்கலாம் என்று மதிப்பிடுகின்றனர். மலாயாவிலிருந்து கொண்டு செல்லப்பட்டவர்களுள் தமிழரே மிகுதி. காலரா, மலேரியா, பசி, அடி ஆகியவற்றால் மடிந்தனர்.

காஞ்சனபுரியில் கைதிகளின் கல்லறைத் தோட்டம் இன்றும் அழகாகப் பேணப்படுகிறது. ஏறத்தாழ ஏழாயிரம் பேர் அங்கு அடக்கம் செய்யப்பட்டுள்ளனர். மிகப் பெரும்பாலோருக்குப் பெயர் பொறித்த கல் உண்டு. தமிழ்த் தொழிலாளருக்கு அப்படிப்பட்ட கல் இல்லை. கைதிகளுள் எழுதத் தெரிந்தவர்கள் நாட்குறிப்பு எழுதினார்கள். நாடு திரும்பி நூல்கள் எழுதினார்கள். எழுதப் படிக்கத் தெரியாத கூலித் தொழிலாளி என்ன செய்வார்? அவர் வாயால்தான் சொல்ல முடியும். கேட்பவர் இருந்தால்தான் அதுவும் நிற்கும். தமிழ்நாட்டைச் சேர்ந்த குறிஞ்சி வேந்தன் உயிரோடிருந்த முதியவர்களைத் தேடிச் சென்று பேசச் செய்து, இப்பாதையைப் பற்றி ஓர் ஆவணப் படம் எடுத்தார். சிங்கப்பூர் அரசின் வாய்மொழி வரலாற்று நிலையம் 1979-இல் நிறுவப்பட்டு, 1981 முதல் ஜப்பானிய ஆட்சிக் கால நினைவுகளைத் திரட்டியது. தமிழில் பேசியவர்களின் பதிவுகளும் அங்கு உள்ளன.

குரலும் படமும்

எழுத்தில் இருப்பதைப் படமாக ஏன் எடுக்க வேண்டும்? ஒரு முதியவர் ‘அப்போது பயமாகத்தான் இருந்தது’ என்று சொல்வதை எழுதினால் மூன்று சொற்கள். அவர் அதைச் சொல்லுமுன் எவ்வளவு நேரம் பேசாதிருந்தார், கை எப்படி நடுங்கியது, எந்தப் பக்கம் பார்த்தார் என்பவற்றைப் படம் காட்டும்.

ஆவணப் படத்தில் தமிழர் பின்தங்கியவர் அல்லர். ஏ.கே. செட்டியார் உலகமெங்கும் இலட்சம் மைல் அளவு பயணம் செய்து, பலர் பல காலங்களில் எடுத்த 50,000 அடி நீளப் படச்சுருள்களைத் திரட்டி, 1940-இல் மகாத்மா காந்தியைப் பற்றிய படத்தைத் தமிழில் வெளியிட்டார். ஆனால் அப்படத்தின் தமிழ்ப் பிரதி பிற்காலத்தில் கிடைத்தற்கு அரிதாயிற்று. 1953-இல் வெளியான ஆங்கில வடிவம்தான் அமெரிக்காவில் கண்டெடுக்கப்பட்டது. எடுப்பது ஒரு பாதி வேலை, காப்பது மறு பாதி வேலை என்பதை இது நமக்குக் கற்பிக்கிறது.

நன்றாகக் காத்ததால் விளைந்த பயனுக்கும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 1964-இல் பி.பி.சி. நிறுவனம் முதல் உலகப் போரைப் பற்றி ஒரு தொடர் எடுத்தபோது முதிய வீரர் பலரைப் பேட்டி கண்டது. அப்பேட்டிகளையும் போர் அருங்காட்சியகப் பதிவுகளையும், போர்க்களத்தில் எடுத்த ஊமைப் படங்களோடு இணைத்துப் பீட்டர் ஜாக்சன் 2018-இல் ஒரு முழு நீளப் படம் அமைத்தார். அப்போது அவ்வீரர்களுள் ஒருவர்கூட உயிரோடில்லை. முதல் உலகப் போரில் பணியாற்றியவர்களுள் கடைசியாக எஞ்சியிருந்தவர் ஃபுளோரன்ஸ் கிரீன் என்னும் ஆங்கில மூதாட்டி. விமானப் படை அதிகாரிகளின் உணவு விடுதியில் பணிபுரிந்த அவர் 2012 பிப்ரவரியில் தம் 110-ஆம் வயதில் காலமானார். அவரோடு அப்போரின் நேரடி நினைவு உலகிலிருந்து மறைந்தது. இனி அப்போரைப் பற்றிப் புதிய கேள்வி எதையும் யாரிடமும் கேட்க இயலாது.

பெண்களின் நினைவு ஆண்களின் நினைவினின்றும் வேறுபடும் என்பதையும் அறிஞர் கண்டுள்ளனர். இரண்டாம் உலகப் போரில் சோவியத் படையில் எட்டு இலட்சத்துக்கும் மேற்பட்ட பெண்கள் பணியாற்றினர். அவர்களுள் நூற்றுக்கணக்கானோரைப் பெலாரஸ் நாட்டு ஸ்வெத்லானா அலெக்ஸியேவிச் சந்தித்து, 1985-இல் ஒரு நூல் வெளியிட்டார். ஆண்கள் படை நகர்வையும் வெற்றியையும் பற்றிப் பேச, பெண்கள் பொருந்தாத பெரிய காலணியையும், வெட்டப்பட்ட கூந்தலையும், காயமுற்றவனின் முகத்தையும் பற்றிப் பேசினர். 2015-இல் அவருக்கு இலக்கிய நோபல் பரிசு கிடைத்தது.

நினைவு தவறுமா?

தவறும். எண்பது வயதில் ஒருவர் சொல்வதெல்லாம் அப்படியே நடந்திருக்கும் என்று கொள்ள முடியாது. இத்தாலியில் டெர்னி என்னும் தொழில் நகரத்தில் 1949-இல் ஒரு தொழிலாளி காவல் துறையினரால் கொல்லப்பட்டார். பல ஆண்டுகளுக்குப் பின் அலெஸ்ஸாண்ட்ரோ போர்ட்டெல்லி என்னும் ஆய்வாளர் கேட்டபோது, ஊரார் பலர் அது 1953-இல், ஆலையிலிருந்து பெருந்திரளாய்த் தொழிலாளர் நீக்கப்பட்டபோது நடந்தது என்றே சொன்னார்கள். அவர்கள் பொய் சொல்லவில்லை. தங்கள் வாழ்வில் பெரிய காயமான நிகழ்ச்சியோடு அச்சாவை மனம் சேர்த்துவிட்டது. தவறான ஆண்டுகூட அவர்களை எது வருத்தியது என்பதைக் காட்டுகிறது என்று அவர் விளக்கினார்.

ஆகவே, சொன்னதை அப்படியே பதிவு செய்ய வேண்டும்; பிறகு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். பழைய கடிதம், படையிலிருந்து விடுவித்தபோது கொடுத்த புத்தகம், புகைப்படத்தின் பின்புற எழுத்து, பதக்கத்தின் விளிம்பில் பொறித்துள்ள பெயரும் எண்ணும் ஆகியவை துணை செய்யும். ஜான்சி ராணிப் படையில் ஆயிரத்துக்கு மேற்பட்டோர் இருந்தனர் என்று பலரும் எழுதியிருக்க, எஞ்சியிருந்த வீராங்கனையரைத் தேடிச் சந்தித்த வேரா ஹில்டிபிராண்ட் தம் 2016-ஆம் ஆண்டு நூலில் அதைவிட மிகக் குறைந்த எண்ணிக்கையையே தருகிறார். எண்ணிக்கை குறைவதால் அப்பெண்களின் துணிவு குறைந்துவிடாது.

எங்கள் ஊரில் கேட்டவை

வகுப்பாசிரியையின் வழிகாட்டலில் நாங்கள் இருவரிடம் கேட்டுப் பதிவு செய்தோம். அவர்கள் விரும்பியபடி பெயர்களை இங்கே தரவில்லை.

முதலாமவர் எங்கள் தோழி ஒருத்தியின் தாத்தா. 1971 டிசம்பரில் நடந்த போரில் மேற்கு எல்லையில் பணிபுரிந்தவர். “போனோம், வந்தோம். அதிலே என்ன கதை இருக்கு?” என்று முதலில் சிரித்து ஒதுக்கினார். எத்தனை பேரைச் சுட்டீர்கள் என்று கேட்கக்கூடாது என ஆசிரியை எங்களுக்கு முன்பே சொல்லியிருந்தார். “தாத்தா, அங்கே சாப்பாடு எப்படி வரும்?” என்று ஒருத்தி கேட்டாள். அவ்வளவுதான்! ஒரு மணி நேரம் பேசினார். பூரியும், சக்கர்பாரா என்னும் இனிப்புத் துண்டும் சாக்கில் வந்ததையும், பஞ்சாபின் குளிரில் விரல் மடங்காமற் போனதையும், பதுங்கு குழியிலிருந்து வீட்டுக்கு எழுதிய கடிதத்தில் போரைப் பற்றி ஒரு வரியும் எழுதாமல், சம்பா கதிர் வாங்கிவிட்டதா, ஆற்றில் தண்ணீர் இருக்கிறதா என்று மட்டும் கேட்டதையும் சொன்னார். தன் குழியில் உடனிருந்த நண்பர் ஒருவரைப் பற்றிச் சொல்ல வந்தபோது பேச்சு நின்றுவிட்டது. “நிறுத்திடலாமா தாத்தா?” என்று பேத்தி கேட்டாள். “நிறுத்தாதேம்மா. அவன் பேரைச் சொல்றேன், எழுதிக்கோ” என்றார். பெயரையும், ஊரையும், அவர் தந்தையின் பெயரையும் சொன்னார். ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாகியும் ஓர் எழுத்தும் தடுமாறவில்லை. அப்பெயர் இப்போது எங்கள் பதிவேட்டில் இருக்கிறது.

இரண்டாமவர் இன்னொரு தோழியின் கொள்ளுப்பாட்டி. வயது எண்பத்தேழு. அவர் கைக்குழந்தையாய் இருந்தபோது அவர் தகப்பனார் நாகப்பட்டினத்தில் கப்பலேறி மலாயாத் தோட்டத்துக்குப் போனார். 1941 வரை கடிதம் வந்தது. போருக்குப் பின் அதே தோட்டத்திலிருந்து திரும்பிய ஒருவர், “அவரை சயாமுக்குக் கொண்டுபோனாங்க” என்று மட்டும் சொன்னாராம். அதற்குமேல் செய்தி இல்லை. இறந்தார் என்று யாரும் உறுதி சொல்லாததால் பாட்டியின் தாயார் தாலியைக் கழற்றவே இல்லை. சுமங்கலியாகவே இருந்து, சுமங்கலியாகவே இறந்தார். பாட்டி எங்களிடம் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: “சயாம் எந்தப் பக்கம்மா இருக்கு?” நிலப்படப் புத்தகத்தைப் பிரித்து, நாகப்பட்டினத்திலிருந்து கடலைக் கடந்து விரலை வைத்துக் காட்டினோம். அவர் அந்த இடத்தில் தம் விரலை வைத்து வெகுநேரம் பார்த்திருந்தார். ரயில் பாதையைப் பற்றி நாங்கள் படித்ததை அவரிடம் எவ்வளவு சொல்வது என்று எங்களுக்குள் கலந்துகொண்டோம். தோழியின் தாயார், “கேட்டால் சொல்லுங்கள்” என்றார். பாட்டி கேட்டார், சொன்னோம்.

பதிவு செய்யும் முறை

எங்களைப் போல் முயல விரும்பும் தோழியருக்குச் சில குறிப்புகள்:

1. முதலில் சம்மதம் பெற வேண்டும். எதற்காகக் கேட்கிறோம், யார் கேட்பார்கள், எங்கே வைக்கப்படும் என்பதைச் சொல்ல வேண்டும். ‘இதை வெளியில் சொல்லாதே’ என்று அவர் சொன்னால் அதைக் காக்க வேண்டும்.

2. செல்பேசியிலேயே நன்றாகப் பதிவு செய்யலாம். மின்விசிறி இரைச்சல் இல்லாத இடமாக இருக்கட்டும். கருவியை மடித்த துணியின்மேல், பேசுபவருக்கு ஒரு முழ தூரத்தில் வைத்தால் போதும். தொடக்கத்தில் நாள், இடம், பேசுபவர், கேட்பவர் ஆகிய விவரங்களைச் சொல்லிப் பதிய வேண்டும்.

3. ‘ஆம்’, ‘இல்லை’ என்று முடிந்துவிடும் கேள்விகளைத் தவிர்க்க வேண்டும். ‘அன்று காலையில் என்ன நடந்தது?’, ‘வீட்டில் என்ன சொன்னார்கள்?’ என்று கேட்கலாம். சிறியதிலிருந்து தொடங்கினால் பெரியது தானே வரும்.

4. இடைமறிக்கக் கூடாது. அவர் பேசாதிருந்தால் நாமும் காத்திருக்க வேண்டும். அழுதால், நிறுத்தலாமா என்று கேட்க வேண்டும். முடிவு அவருடையது.

5. எழுதும்போது அவர் பேச்சை இலக்கணத் தமிழாகத் திருத்தக் கூடாது. நம் தஞ்சைப் பேச்சும் வரலாற்றின் ஒரு பகுதியே.

6. மூன்று படிகள் எடுத்து மூன்று இடங்களில் வைக்க வேண்டும். ஒரு படி அவர் குடும்பத்துக்கு உரியது. படத்தின் பெயர்க் குறிப்பை உடனே எழுதாவிட்டால், பத்தாண்டு கழித்து அது யாரென்று யாருக்கும் தெரியாது.

7. வீரரிடம் மட்டுமன்றி, அவர் வீட்டில் காத்திருந்த மனைவி, தாய், தங்கையரிடமும் கேட்க வேண்டும். போர்க்காலத்தில் அடுப்பு எரிந்த கதையும் போரின் கதையே.

முடிவுரை

நம் கும்பகோணம் கல்லூரியில் பணியாற்றிய உ.வே. சாமிநாத ஐயர் வீடு வீடாகச் சென்று, கரையான் அரித்த ஏடுகளைத் தேடிக் காத்ததைப் படித்திருக்கிறோம். ஏடாவது சில நூறு ஆண்டுகள் பரணில் கிடந்தது. மனித நினைவு அப்படிக் காத்திருக்காது. 1971 போரில் இருபது வயதினராக இருந்தவர்கள் இன்று எழுபதின் நடுவைக் கடந்துவிட்டனர். இலங்கைக்கு 1987-இல் அமைதிப் படையில் சென்றவர்களும், 1999-இல் கார்கில் மலையில் நின்றவர்களும் நம்மிடையே இருக்கிறார்கள். ஆண்டுதோறும் டிசம்பர் 7-ஆம் நாள் கொடி நாளுக்குக் காசு கொடுக்கிறோம். அதோடு ஒரு மணி நேரத்தையும் கொடுத்தால் நன்று.

ஒவ்வோர் ஆண்டும் பத்தாம் வகுப்பினர் குறைந்தது இருவரிடமாவது கேட்டுப் பதிவு செய்து, அதன் எழுத்துப் படியைப் பள்ளி நூலகத்தில் வைக்கத் தலைமைச் சகோதரி அனுமதி தந்துள்ளார். முதல் பதிவேட்டில் இரண்டு பேர் உள்ளனர். மற்றப் பக்கங்கள் வெறுமையாக இருக்கின்றன. படையில் பணிபுரிந்தவரோ, மலாயா, பர்மா நாடுகளில் போரைக் கண்டவரின் உறவினரோ தங்கள் இல்லத்திலோ தெருவிலோ இருந்தால், பெற்றோர் எங்கள் வகுப்பாசிரியையிடம் தெரிவிக்கும்படி அன்போடு வேண்டுகிறோம். பழைய டிரங்குப் பெட்டியில் கடிதமோ, புகைப்படமோ, கப்பல் சீட்டோ கிடந்தால் குப்பையென்று எறிந்துவிட வேண்டாம். சனிக்கிழமைகளில் நாங்கள் வந்து பார்த்துப் படி எடுத்துக்கொண்டு, அப்பொருளை அங்கேயே திருப்பித் தந்துவிடுகிறோம்.